படத்தில் உள்ள ஆட்டம் கல்லூத்துக் குடியிருப்பினருடையது அல்ல

அனுப்புநர்:
சி. லட்சுமிப்ரியா,
த/பெ. சிவராமலிங்கம்,
பன்னிரண்டாம் வகுப்பு மாணவி,
திருவேங்கடம் சாலை,
சங்கரன்கோவில்.

பெறுநர்:
உயர்திரு வருவாய் கோட்டாட்சியர் அவர்கள்,
வருவாய் கோட்டாட்சியர் அலுவலகம்,
சங்கரன்கோவில்.

பொருள்: பழங்குடியினர் சாதிச் சான்று – கல்லூத்துப் பளியர் குடியிருப்பு, திரு. குருவன் மகள் செல்வி முருகம்மாள் விண்ணப்பம் – மேற்படி குடும்பத்தாரைப் பற்றிய ஆவணப்படத்தில் உண்மைக்குப் புறம்பான சாமியாட்டக் காட்சி இடம்பெற்றிருத்தல் – அதனை ஆதாரமாகக் கொள்ளாதிருக்கவும், மறுவிசாரணை செய்யவும் வேண்டுதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

நடந்தவை அனைத்தையும் உள்ளது உள்ளபடியே இம்மனுவில் எழுதுவேன். எனக்கு நல்ல பெயர் வரும் என்று ஒன்றைக் கூட்டவோ, கெட்ட பெயர் வரும் என்று ஒன்றைக் குறைக்கவோ மாட்டேன். சிலர் பேசியதை அவர்கள் பேசிய வழக்கிலேயே தந்திருக்கிறேன். மற்றவர்களுடைய விஷயத்தை என் நடைக்கு மாற்றி எழுதியதால்தான் இந்தத் தவறு நேர்ந்தது. ஆகவே பேச்சு வழக்கைப் பொறுத்தருள வேண்டுகிறேன்.

எதிர்மனுதாரர் என்று இருவரைக் குறிப்பிட வேண்டியுள்ளது. ஒருவர் ஆவணப்பட இயக்குநர் திரு. ராம்சங்கர். சென்னையில் இருக்கிறார், என் தாயாருக்கு ஒன்றுவிட்ட தம்பி. மற்றவர் இம்மனுவை எழுதும் நான்.

1. செல்வி முருகம்மாள் எங்கள் பள்ளியில் எனக்கு ஒரு வகுப்பு மேலே படித்தவர். சிவகிரிக்கு மேற்கே மலையடிவாரத்தில் உள்ள கல்லூத்துப் பளியர் குடியிருப்பைச் சேர்ந்தவர். விடுதியில் தங்கிப் படித்து இந்த ஆண்டு பன்னிரண்டாம் வகுப்பில் தேர்ச்சி பெற்றுள்ளார். செவிலியர் படிப்புக்கு விண்ணப்பித்திருக்கிறார். அதற்குப் பழங்குடியினர் சாதிச் சான்று அவசியம். அவருடைய தந்தை பள்ளிக்கூடம் போகாதவர். அந்தக் குடும்பத்தில் யாரும் இதற்கு முன் சான்று வாங்கியதில்லை. ஆகவே அவர்களுடைய வாழ்க்கை முறையையும் வழிபாட்டையும் நேரில் விசாரித்தே சான்று வழங்கப்படும் என்று அறிகிறேன். சேர்க்கை முடிவதற்குள் சான்று கிடைக்காவிட்டால் அவருக்கு இந்த ஆண்டு இடம் இல்லை. அடுத்த ஆண்டு வரை வீட்டில் வைத்திருக்க அவர்களுக்கு வசதியும் இல்லை.

2. எனக்குப் புத்தகம் படிப்பதில் ஆர்வம் அதிகம். பழங்குடிகள், நாட்டார் தெய்வங்கள், சாமியாடிகள் பற்றிக் கிளை நூலகத்தில் இருக்கும் எல்லாவற்றையும் படித்துவிட்டேன் என்று பெருமையாகச் சொல்லிக்கொள்வேன். பள்ளி நூலகத்தில் முருகம்மாள் அக்கா அறிமுகமானதும், எனக்கு ஒரு புதுப் புத்தகம் கிடைத்ததுபோல் இருந்தது. அவரை அப்படித்தான் நான் நடத்தினேன் என்று இப்போது தெரிகிறது. “உங்க சாமி எப்படிக்கா வரும்? ஆடுமா? குறி சொல்லுமா?” என்று கேட்டுக்கொண்டே இருப்பேன். “ஏட்டி, நான் கெமிஸ்ட்ரி ரெக்கார்டு எழுதவா, உனக்குச் சாமி கதை சொல்லவா?” என்று சிரிப்பார். ஒரு நாளும் சொன்னதில்லை.

3. கடந்த தை மாதம் திரு. ராம்சங்கர் எங்கள் வீட்டுக்கு வந்தார். பல மலைகளிலும் உள்ள ஆதிகுடிகளின் சாமியாடிகளைப் பற்றி ஆவணப்படம் எடுத்துவருவதாகவும், இந்தப் பக்கத்து மலைக்காரர்கள் மட்டும் கிடைக்கவில்லை என்றும் கூறினார். நான் உடனே, “எனக்குத் தெரியும் மாமா” என்றேன். என்னை யாரும் கேட்கவில்லை. நானாகத்தான் சொன்னேன். முருகம்மாள் அக்காவிடம் கேட்டபோது அவர் தயங்கினார். “படம்லாம் வேண்டாம் ப்ரியா. எங்க அப்பா சரின்னுருவாரு. அதான் பயமா இருக்கு” என்றார். அதன் பொருள் எனக்கு அன்று விளங்கவில்லை. தம் வீட்டுக்கு வந்தவர்களிடம் இல்லை என்று சொல்லும் பழக்கம் திரு. குருவனுக்குக் கிடையாது. நாங்கள் கேட்டதும் சரி என்றுவிட்டார்.

4. படப்பிடிப்புக் குழுவில் இயக்குநர், ஒளிப்பதிவாளர் திரு. பாதுஷா, நான் ஆகியோர் இருந்தோம். திரு. பாதுஷா எங்கள் ஊர்க்காரர். திருமண வீடுகளில் வீடியோ எடுப்பவர். எனக்கு ‘உதவி இயக்குநர்’ என்று ஒரு அடையாள அட்டை தரப்பட்டது. அதைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு நான் செய்தவை வருமாறு: கூரை மேலிருந்த டிஷ் ஆண்டெனாவைத் தென்னங்கீற்றால் மறைத்தேன். சுவர்க் கடிகாரத்தைக் கழற்றினேன். முருகம்மாள் அக்காவின் பள்ளிச் சான்றிதழ்களைச் சட்டம் போட்டு மாட்டியிருந்தார்கள். அவற்றையும் கழற்றிப் பாயின் அடியில் வைத்தேன். திரு. குருவன் வனத்துறையில் தீத்தடுப்புக் காவலராகத் தினக்கூலிக்கு வேலை செய்கிறார். காக்கிச் சட்டை அணிந்திருந்தார். “குருவன், சட்டையைக் கழட்டிருங்க” என்றேன். அவர் என் தந்தையின் வயதினர். அவரைப் பெயர் சொல்லித்தான் அழைத்தேன். யாரும் என்னைத் திருத்தவில்லை. அவர் உள்ளே போய், கழுத்துப் பொத்தானையும் சேர்த்துப் போட்டுக்கொண்டு வெளியே வந்தார். “வேலைக்கு உள்ள சட்டை பாப்பா. இருக்கட்டும்” என்று மட்டும் சொன்னார்.

5. அன்று முற்பகல் பக்கத்து வீட்டிலிருந்து ஒரு குழந்தையைக் காய்ச்சலோடு தூக்கி வந்தார்கள். திரு. குருவன் ஊற்றில் குளித்துவிட்டு, குடியிருப்புக்கு மேலே உள்ள பாறைக்குடைவுக்குள் போனார். அவர்கள் ‘அம்மை’ என்று மட்டும் சொல்லும் தெய்வத்தின் இடம் அது. உள்ளே போகிறவர் வெளியே இருப்பவர்களுக்கு முதுகைக் காட்டித்தான் உட்கார வேண்டுமாம். கொட்டு இல்லை, மேளம் இல்லை, ஆட்டம் இல்லை. எங்களுக்குத் தெரிந்ததெல்லாம் ஒரு முதுகும் ஈரத் துண்டும்தான். சிறிது நேரம் கழித்து எழுந்து வந்தார். குழந்தையின் தாயிடம் ஏதோ மெல்லச் சொன்னார். பிறகு, “கீழ ஆஸ்பத்திரிக்கும் கொண்டு போயிருங்க” என்றார்.

திரு. பாதுஷா கேமராவைத் தோளில் வைத்தபடியே, “அண்ணாச்சி, எப்ப ஆரம்பிக்கும்?” என்று கேட்டார். திரு. குருவனின் தங்கை செல்லி அத்தை வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். “முடிஞ்சு போச்சுய்யா” என்றார்.

6. மதியம் வேனில் உட்கார்ந்து புளிச்சாதம் சாப்பிடும்போது இயக்குநர் மனம் சோர்ந்திருந்தார். “விஷுவலா ஒண்ணுமே இல்லையே ப்ரியா. முதுகை எவ்வளவு நேரம் காட்டுறது?” என்றார். அவரைத் தேற்ற வேண்டும், நான் படித்தவள் என்று காட்ட வேண்டும் என்ற இரண்டு எண்ணங்களும் எனக்கு இருந்தன. எங்கள் பக்கத்துக் கோயில் கொடைத் திருவிழாக்களில் கோமரத்தாடி என்னும் சாமியாடி எப்படி ஆடுவார் என்று விவரித்தேன். மஞ்சள் நீரில் நனைந்த உடம்பு, கையில் வேப்பங்குழை, காலில் சலங்கை, அவிழ்ந்த கூந்தல், சுற்றிலும் பெண்களின் குரவை எல்லாம் சொன்னேன். நான் நன்றாகவே விவரித்திருக்க வேண்டும். இயக்குநர் சாப்பிடுவதை நிறுத்திவிட்டார். “ஆதியில எல்லாம் ஒண்ணுதானே? இவங்ககிட்ட மறந்துபோனதைத்தான் உங்க ஊர்க்காரங்க வச்சிருப்பாங்க” என்றார். அது தவறு என்று எனக்குத் தெரியும். படித்திருக்கிறேன். ஆனாலும், “இருக்கலாம் மாமா” என்றேன்.

7. திரு. குருவனிடம் அப்படி ஆடிக் காட்டக் கேட்டபோது அவர் வீட்டுக்கு வந்தவர்களிடம் சொல்லாத சொல்லை அன்று சொன்னார். “அது முடியாது பாப்பா. அவ கூப்பிட்டா நாங்க போவோம். நாங்க கூப்பிட்டு அவ வந்ததில்ல” என்றார். இயக்குநர் மறுபடியும் கேட்கவில்லை. அவர் யாரையும் வற்புறுத்துகிறவர் அல்லர். என்னைப் பார்த்தார், அவ்வளவுதான். நான் செல்லி அத்தையிடம் போனேன்.

செல்லி அத்தைக்கு என்மேல் பிரியம். என் கண்ணாடியை வாங்கிப் போட்டுப் பார்த்து, “எல்லாம் கெறக்கமா தெரியுதே, எப்படித்தான் படிக்கியோ” என்று கேலி செய்தவர். “அத்தை, சும்மா நடிப்புதான், சினிமா மாதிரி” என்றேன். “இது பொய்க்கு ஆடுததுன்னு படத்துல சொல்லுவீகளா?” என்று கேட்டார். “சொல்லுவோம் அத்தை” என்றேன். “அப்ப சரி. அது தெரிஞ்சுட்டா குத்தமில்ல” என்றார்.

8. மறுநாள் சங்கரன்கோவிலிலிருந்து மஞ்சள் சேலையும் சலங்கையும் கொண்டு போனோம். கரிவலம்வந்தநல்லூரிலிருந்து திரு. துரைப்பாண்டி என்ற உறுமி மேளக்காரரை அழைத்துச் சென்றோம். அவர் வேனை விட்டு இறங்கியதும் சுற்றிலும் பார்த்துவிட்டு, “ஏ மக்கா, கோயிலும் இல்ல, கொடையும் இல்ல. இங்கன எந்தச் சாமிக்குவே அடிக்கணும்?” என்றார். திரு. பாதுஷா, “கேமராச் சாமிக்கு அடிங்க அண்ணாச்சி” என்றார். எல்லாரும் சிரித்தோம். நானும் சிரித்தேன்.

செல்லி அத்தைக்கு ஆடத் தெரியவில்லை. தலையை எப்படிச் சுழற்ற வேண்டும், கண்ணை எப்படிச் செருக வேண்டும், எந்த இடத்தில் நாக்கைக் கடிக்க வேண்டும் என்று நான் ஆடிக் காட்டினேன். எனக்கு ஒருபோதும் சாமி வந்ததில்லை. எங்கள் தெருக் கொடையில் கூட்டத்தில் நின்று பார்த்ததை வைத்துக் காட்டினேன். அவருடைய சிறிய மகள் முதலில் தாயைப் பார்த்துச் சிரித்தாள். உறுமி வேகம் கூடியதும் பயந்து, “அம்மா, போதும்மா” என்று அழுதாள். அழுகை பதிவாகிவிடும் என்பதால் அவளைத் தூக்கி அப்பால் கொண்டுபோனதும் நான்தான்.

எல்லாம் முடியும்வரை திரு. குருவன் எங்கள் பக்கம் திரும்பவில்லை. ஊற்றடியில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார். முடிந்தபின் எங்கள் எல்லாருக்கும் அவித்த வள்ளிக்கிழங்கும் தேனும் கொடுத்தார். முதல் இலையை என் முன்னால் வைத்தார். சாப்பிட்டேன். நன்றாக இருந்தது என்றும் சொன்னேன்.

9. படத்தின் பின்னணி உரையை எழுதி வாசிக்கும் பொறுப்பு எனக்குத் தரப்பட்டது. இந்தப் பகுதிதான் எழுதக் கடினமாக இருக்கிறது.

நான் எழுதிய முதல் பிரதியில், “இக்காட்சி படத்துக்காக நடிக்கப்பட்டது, இது இம்மக்களின் வழக்கமன்று” என்ற வாக்கியம் இருந்தது. வாசித்துப் பழகும்போது அது நடையில் இடறியது. அதற்கு முன்னால், “காடு பேசுகிறது, காட்டின் மொழி ஒரு பெண்ணின் உடலில் இறங்குகிறது” என்று எழுதியிருந்தேன். அதைத் தொடர்ந்து அந்த வாக்கியம் வந்தால், முன்னது மொத்தமும் பொய் என்று கேட்பவருக்குத் தெரிந்துவிடும். நான் அடித்தது முன்னால் இருந்ததை அல்ல, பின்னால் இருந்ததை. அதற்குப் பதிலாக, “தலைமுறை தலைமுறையாக இக்குடிகள் காத்துவரும் ஆட்டம் இது” என்று எழுதினேன். இயக்குநர், “அந்த விளக்கத்தை எழுத்தாகக் கீழே போட்டுடலாம்” என்று சொன்னார். போடவில்லை. ஆனால் அவர் போடாமல் விட்டதற்கு முன்பே நான் அடித்துவிட்டேன் என்பதைப் பதிவு செய்ய வேண்டும்.

10. பங்குனியில் சங்கரன்கோவிலில் ஒரு திருமண மண்டபத்தில் படம் திரையிடப்பட்டது. கல்லூத்திலிருந்து வந்தவர்களை முன்வரிசையில் உட்கார வைத்திருந்தார்கள். செல்லி அத்தை ஆடும் காட்சி வந்ததும் பின்னால் இருந்த பெண்கள் சிலர் தம்மையறியாமல் குரவையிட்டார்கள். பலர் அதைக் கைபேசியில் பதிவு செய்துகொண்டார்கள். கை தட்டல் நெடுநேரம் நிற்கவில்லை. எனக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். மேடையிலிருந்து இறங்கும்போது செல்லி அத்தை என் கையைப் பிடித்து, யாருக்கும் கேட்காமல், “நீ சொல்லலியே பாப்பா” என்றார். கூட்டத்தில் சரியாகக் கேட்காததுபோல் நான் தலையை ஆட்டினேன். நன்றாகவே கேட்டது.

அதன்பின் செல்லி அத்தை அம்மையின் இடத்துக்குப் போவதில்லை என்று அறிந்தேன். யாரும் அவரைத் தடுக்கவில்லை. அவராகவே போவதில்லை.

11. இம்மாதத் தொடக்கத்தில் சான்று தொடர்பாக விசாரணைக்கு ஓர் அலுவலர் கல்லூத்துக்குச் சென்றிருக்கிறார். அவர் தம் கடமையைச் செய்தார். அவர்மேல் எனக்கு எந்தப் புகாரும் இல்லை. அங்கு நடந்ததைச் சங்கரன்கோவில் பேருந்து நிலையத்தில், சிவகிரிப் பேருந்து நிற்கும் இடத்தில் வைத்து முருகம்மாள் அக்கா என்னிடம் சொன்னார். அவர் சொன்னபடியே எழுதுகிறேன்:

“மரியாதையாத்தான் கேட்டாரு. போன்ல படத்தைக் காட்டி, இது ஒங்க தங்கச்சிதானேன்னாரு. அப்பா ஆமான்னாரு. இது ஒங்க வழக்கமா, எங்க ஊருக் கொடையில ஆடுத மாதிரில்லா இருக்கு, அப்ப நீங்க மலைக்காரங்கன்னு எப்படி எடுத்துக்கிடன்னாரு. அப்பா வாயே தொறக்கல.”

“இல்லன்னு சொல்லியிருக்கலாம்லாக்கா?” என்றேன்.

“நானும் அதைத்தான் கேட்டேன். ‘நம்ம வீட்டுல சாப்பிட்ட பிள்ள. அது பொய் சொல்லிச்சுன்னு என் வாயால நான் சொல்லணுமா? படிக்கித பிள்ள பேரு ஆபீஸ் பேப்பர்ல வரணுமா?’ன்னுட்டாரு.”

பேருந்து வந்தது. படியில் ஏறியபின் திரும்பி, “ஒன் கொரலு நல்லா கணீர்னு இருக்கு ப்ரியா. நான் யாருன்னு இப்ப அதுதான் ஊருக்குச் சொல்லுது. நான் சொன்னா கேக்க ஆளில்ல” என்றார். அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் எனக்குச் சற்று எளிதாக இருந்திருக்கும்.

ஐயா, தங்கள் அலுவலகக் கோப்பில் திரு. குருவன் பதில் சொல்லவில்லை என்று எழுதப்பட்டிருக்கலாம். அவரிடம் பதில் இல்லாமல் அல்ல. பதில் சொன்னால் என் பெயரைச் சொல்ல வேண்டியிருந்தது.

12. அன்றே இயக்குநரிடம் தொலைபேசியில் பேசினேன். “படம் விழாவுக்கு அனுப்பியாச்சு ப்ரியா, இப்ப கை வைக்க முடியாது. அது ஒரு ரீஎனாக்ட்மெண்ட், நடிச்சுக் காட்டுறது, எல்லாரும் பண்றதுதான்” என்றார். சான்றைப் பற்றிச் சொன்னதும் வருந்தினார். தெரிந்த வழக்கறிஞரிடம் கேட்பதாகச் சொன்னார். பிறகு பேசவில்லை.

திரு. பாதுஷாவிடம் போனேன். அவர் தம் ஸ்டூடியோவில் தேடி, வெட்டப்படாத முழுப் பதிவையும் ஒரு பென் டிரைவில் போட்டுத் தந்தார். “நானும் உடந்தைதாம்மா. கல்யாண வீட்டுல ஃபோகஸ் சரியில்லன்னு மாப்பிள்ளையை மறுபடி தாலி கட்டச் சொன்ன கை இது. பழக்கதோஷம். ஆபீஸ்ல கூப்பிட்டா வந்து சொல்லுதேன்” என்றார். இத்துடன் இணைத்துள்ள அந்தப் பதிவில், “அத்தை, கண்ணை இன்னும் மேல செருகுங்க. இல்ல, இப்படி. என்னைப் பாருங்க” என்று என் குரல் கேட்கும். இம்மனுவுக்கு வேறு சான்று தேவைப்படாது என்று நினைக்கிறேன். அதை ஒருமுறை முழுவதும் கேட்டேன். இரண்டாம் முறை என்னால் கேட்க இயலவில்லை.

13. வீட்டில் இம்மனுவுக்குச் சம்மதம் இல்லை. “ராமு என்கூட வளந்தவன். அவன் பேரைக் கொண்டு போய் ஆபீஸ்ல கொடுக்கணுமாட்டி?” என்று என் தாயார் அழுதார். என் தந்தை அரசுப் பணியில் இருப்பவர். மனுவின் வரைவை முழுவதும் படித்துவிட்டு, இரண்டு எழுத்துப் பிழைகளைத் திருத்தினார். பத்தி 9-ஐ மட்டும் எடுத்துவிடச் சொன்னார். “மத்ததுல நீ சின்னப் பிள்ளைன்னு விட்டுருவாங்க. இதுல விடமாட்டாங்க” என்றார். நான் எடுக்கவில்லை. அவர் உறையின் மேல் முகவரியைத் தம் கையெழுத்தில் எழுதிக் கொடுத்தார்.

14. ஆகவே நான் பணிந்து கேட்டுக்கொள்வது:

மேற்படி ஆவணப்படத்தில் வரும் சாமியாட்டக் காட்சி சங்கரன்கோவில் வட்டாரக் கொடைகளைப் பார்த்து என்னால் சொல்லிக்கொடுக்கப்பட்டது. கல்லூத்துக் குடியிருப்பினருக்கும் அதற்கும் தொடர்பில்லை. அதனை முருகம்மாளின் விண்ணப்பத்தில் எவ்வகையிலும் ஆதாரமாகக் கொள்ள வேண்டாம். திரு. குருவனின் மௌனத்தை அவருக்கு எதிராகக் கொள்ள வேண்டாம். என்னையும் திரு. பாதுஷாவையும் அழைத்து வாக்குமூலம் பெற்றுக்கொண்டு, சேர்க்கை முடியும் முன் மறுவிசாரணைக்கு உத்தரவிட வேண்டும்.

அந்தக் காட்சியை நீக்கவோ, அல்லது அது நடிக்கப்பட்டது என்று அதன்மேலேயே எழுதவோ இயக்குநருக்கு அறிவுறுத்த வேண்டும். என் குரலிலேயே அதைச் சொல்லவும் ஆயத்தமாக இருக்கிறேன். இதில் எனக்கு எதிராக நடவடிக்கை எடுக்க வேண்டியிருந்தால், என் வயதை ஒரு காரணமாகக் கொள்ளாதிருக்க வேண்டுகிறேன். செல்லி அத்தையை மட்டும் விசாரணைக்கு அழைத்து அந்தக் காட்சியை மீண்டும் பார்க்கச் செய்ய வேண்டாம்.

15. கடைசியாக ஒன்று. இவர்களுடைய உண்மையான வழக்கம் எது என்று தாங்கள் கேட்கக்கூடும். அதை எழுதித் தருவதற்காகவே நேற்று ஞாயிற்றுக்கிழமை நான் கல்லூத்துக்குப் போனேன். முதலில் செல்லி அத்தையிடம் மன்னிப்புக் கேட்டேன். அவர் என் கண்ணாடியை வாங்கி முந்தானையால் துடைத்துக் கொடுத்தார். திரு. குருவனை முதன்முறையாக ‘ஐயா’ என்று அழைத்தேன். நான் வேறு யாரையோ அழைப்பதாக நினைத்து அவர் திரும்பிப் பார்த்தார்.

மனு எழுதப்போவதைச் சொன்னேன். “ஒம் பேரு வருமே பாப்பா” என்றார். வரட்டும் என்றேன். “அம்மைகிட்ட நீங்க என்ன செய்வீங்கன்னு சொன்னா, அதையும் எழுதிருவேன். ஆபீசர் கேப்பாங்கள்லா?” என்றேன். “எழுதிக் காட்டுத காரியம் இல்ல அது. ஆபீசரை வரச் சொல்லு. பக்கத்துல வந்து இருக்கட்டும். தெரிஞ்சுக்கிடுவாரு” என்றார். தாங்கள் நேரில் வந்தால் தங்களுக்கு அங்கே ஓர் இடம் உண்டு என்பதை அவர் சார்பில் தெரிவிக்கிறேன்.

பொழுது சாயும் நேரத்தில் ஒரு முதியவரைக் கைத்தாங்கலாக அழைத்து வந்தார்கள். திரு. குருவன் ஊற்றுக்குப் போய்விட்டு ஈரத் துண்டோடு பாறைக்குடைவுக்கு ஏறினார். நான் முன்புபோல் வெளியே நின்றேன். செல்லி அத்தை குடைவின் வாசல்வரை வந்து, கொஞ்ச நேரம் நின்றார். பிறகு என் மணிக்கட்டைப் பிடித்து, “வா, ஒக்காரு” என்று உள்ளே அழைத்துப்போய், தாமும் என் அருகில் உட்கார்ந்தார். பங்குனிக்குப் பிறகு அவர் அங்கே வருவது அதுவே முதல்முறை. எனக்கு முன்னால் திரு. குருவனின் முதுகு இருந்தது. அதற்கு அப்பால் உள்ளதும் அங்கிருந்து தெரியும். முன்பே உள்ளே உட்கார்ந்திருந்த முருகம்மாள் அக்கா என்னைப் பார்த்தார். எழுந்து போய்ப் பாறை வழியில் இருந்த சோலார் விளக்கின் சுவிட்சைத் தட்டி அணைத்தார். செல்லி அத்தை தம் மடியிலிருந்த டார்ச்சை அணைத்தார். நான் என் கைபேசியை நிறுத்தினேன்.

அதற்குமேல் நடந்தவற்றை எழுத நான் அனுமதி கேட்கவில்லை. விளக்குகள் அணைக்கப்பட்டன என்பதுவரை மட்டும் பதிவு செய்கிறேன்.

இடம்: சங்கரன்கோவில்
நாள்: 16.06.2025

தங்கள் விசாரணைக்குக் காத்திருக்கும்,
(ஒப்பம்) சி. லட்சுமிப்ரியா